அப்புசாமி விழுந்த தறிக்குழி

மூன்று மாதமாக ஒரு பேச்சு என்னை விடமாட்டேன் என்கிறது. சேலத்தில் ஒரு புத்தக வெளியீடு. முடிந்ததும் நாலைந்து பேர் வெளியே வந்து ஒரு தள்ளுவண்டியில் தட்டுவடை செட் வாங்கிக்கொண்டு நின்றோம். சேலம் மாவட்டம் தமிழுக்குக் கொடுத்த எழுத்தாளர்கள் யார் யார் என்று ஒரு நண்பர் விரல் விட்டு எண்ணிக்கொண்டிருந்தார். விரல்கள் தீரும்வரை காத்திருந்துவிட்டு, "ஜ.ரா.சுந்தரேசனை விட்டுட்டீங்களே" என்றேன். அவருக்கு ஒரு நொடி பிடிபடவில்லை. பாக்கியம் ராமசாமி என்ற புனைபெயரைச் சொன்னதும் முகம் மலர்ந்தது. "ஓ, அப்புசாமி சீதாப்பாட்டி! அவரை எழுத்தாளர் கணக்குல சேர்த்தா, இந்தத் தட்டுவடை செட்டையும் சாப்பாட்டுக் கணக்குல சேர்க்கணுமே!" எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

அந்தச் சிரிப்புதான் என் தொல்லை. நகைச்சுவை நன்றாக இருந்தது, அதனால் வந்துவிட்டது. வீட்டுக்கு வரும் வழியில் வண்டியில் உட்கார்ந்து பதில்களை அடுக்கிக்கொண்டே வந்தேன். ஊரை விட்டு பெங்களூருக்கும் துபாய்க்கும் போன சேலத்துக்காரர்கள் ஏங்குவது சாப்பாட்டுக்கா, தட்டுவடை செட்டுக்கா என்று கேட்டிருக்கலாம். சோறு எங்கேயும் கிடைக்கும். இரண்டு தட்டுவடைக்கு நடுவில் காரட்டும் பீட்ரூட்டும் துருவி வைத்து, பச்சைச் சட்னியும் சிவப்புச் சட்னியும் தடவித் தருகிற கை வேறு எங்கே இருக்கிறது? நல்ல பதில்தான். இரண்டு மணி நேரம் கழித்து, ஹெல்மெட்டுக்குள் தோன்றியது.

ஆனால் அந்தப் பதிலும் ஒரு சமாளிப்புதான் என்று அப்புறம் தோன்றியது. ஜ.ரா.சு.வைப் பற்றி எனக்குத் தெரிந்த ஒரு விஷயத்தை அன்று சொல்லாமல் விட்டேன். அது அவருடைய புத்தகம் எதிலும் இல்லாத விஷயம். எங்கள் வீட்டில் நடந்தது.

நாலு வீட்டுக்கு ஒரு குமுதம்

என் தாத்தா அம்மாப்பேட்டையில் வெண்பட்டு வேட்டி நெய்தவர். ஐந்தாவதோ ஆறாவதோ படித்திருந்தார். தெருவில் நாலு வீடு சேர்ந்து ஒரு குமுதம் வாங்குவார்கள். முதலில் காசு கொடுத்தவர் முதலில் படிப்பார், கடைசியாகப் படிப்பவருக்குக் கிழிக்கும் உரிமை. அந்த உரிமைக்காகவே தாத்தா வருஷக்கணக்கில் கடைசி ஆளாக இருந்தார். தொடர்கதையைப் பக்கம் பக்கமாகப் பிரித்தெடுத்து, தொடர் முடிந்ததும் அடுக்கி, கோணூசியால் துளை போட்டுத் தைப்பார். கடைகளில் தைத்துத் தருவது சணல் நூல். தாத்தாவுடையது பட்டு நூல்! வேட்டி அறுத்த பிறகு தறியில் மிஞ்சும் நூலை நாலு புரியாக முறுக்கித் தைத்திருப்பார். மேலே பழைய காலண்டர் அட்டை, மைதாப் பசை. அட்டையில் முருகர் சிரித்துக்கொண்டிருப்பார், உள்ளே அப்புசாமி அடி வாங்கிக்கொண்டிருப்பார்.

அப்படிப் பதினோரு கட்டுகள். அவற்றை இப்போது எடுத்துப் பார்த்தால் கதையைவிடக் கதையின் முதுகுப் பக்கம் சுவாரசியமாக இருக்கிறது. பாதிப் பல்பொடி விளம்பரம், கேள்வி இல்லாத ஒரு பதில், ஒரு துணுக்கின் கடைசி இரண்டு வரி. அந்தத் துணுக்கின் முதல் பாதி என்னவாக இருக்கும் என்று பள்ளிக்கூட வயதில் நானாக எழுதிப் பார்ப்பேன். எனக்கு எழுத வந்தது என்றால், அது அந்த முதுகுப் பக்கங்களில் தொடங்கியதுதான்.

இந்தத் தலைமுறைக்கு ஒரு வரி மட்டும் சொல்லிவிடுகிறேன். அப்புசாமி ஒரு கிழவர். வெட்டிப் பொழுது, மெட்ராஸ் பாஷை, அகலக்கால். அவர் மனைவி சீதாப்பாட்டி, ஆங்கிலம் பொழியும் பாட்டிகள் முன்னேற்றக் கழகத் தலைவி. ரசகுண்டு, பீமாராவ் என்று அப்புசாமிக்கு இரண்டு கூட்டாளிகள். கிழவர் ஏதாவது ஒரு வம்பை விலைக்கு வாங்குவார், கிழவி அவரை அதிலிருந்து தூக்கி எடுப்பார், அல்லது இன்னும் ஆழத்தில் தள்ளுவார். அவ்வளவுதான். ஓவியர் ஜெயராஜ் அந்த இரண்டு பேருக்கும் முகம் கொடுத்தார். 1960களில் தொடங்கிய இந்தச் சண்டை, எழுதியவரின் கடைசிக் காலம் வரைக்கும் தீரவே இல்லை.

சுந்தரேசன் பிறந்தது 1932-இல். ஆக, இந்தக் கிழவரை உண்டாக்கியபோது அவர் முப்பதுகளில் இருந்த வாலிபர். கிழவரின் முழங்கால் வலியும், சோற்றுக்கு முன் வருகிற ரோஷமும், சோற்றுக்குப் பின் போய்விடுகிற ரோஷமும் அந்த வயதில் எப்படிப் பிடிபட்டதோ! அப்புறம் அப்புசாமிக்கு வயது ஏறவே இல்லை, எழுதியவருக்கு மட்டும் ஏறிக்கொண்டே போனது. 2017 டிசம்பரில் தன் 85 வயதில் காலமானபோது அவர் தன் கதாநாயகனை எப்போதோ தாண்டிப் போயிருந்தார்.

குமுதத்தில் 30 வருஷத்துக்கும் மேல் வேலை பார்த்தவர் அவர். ஆசிரியர் எஸ்.ஏ.பி.க்குக் கீழே ரா.கி.ரங்கராஜன், புனிதன், ஜ.ரா.சு. என்று மூன்று பேர் இருந்த காலம் அது. பத்திரிகைக்காரர்கள் இன்றும் பெருமூச்சு விட்டுப் பேசும் கூட்டணி. வாரப் பத்திரிகை என்பது வாராவாரம் பசிக்கிற வயிறு. ஒருவரே ஏழெட்டுப் பெயரில் எழுத வேண்டும். ரங்கராஜன் சூர்யா, ஹம்சா, மாலதி என்று எத்தனையோ பெயரில் எழுதினார், வேடிக்கைக் கட்டுரைக்கு 'முள்றி' என்று ஒரு பெயர் வைத்திருந்தார். சுந்தரேசன் வைத்துக்கொண்டது பாக்கியம் ராமசாமி.

பெயரில் இல்லாத ஆள்

அந்தப் பெயரில் எனக்கு ஒரு மயக்கம் உண்டு. பாக்கியம் அவருடைய அம்மா, ராமசாமி அப்பா. நம்மூரில் இனிஷியல் என்றால் அப்பாதான், அம்மா பெயர் ரேஷன் அட்டையோடு சரி. ஆனால் இவர் அம்மாவை முன்னால் நிறுத்தினார். நான் கல்லூரிக் காலம் வரைக்கும் பாக்கியம் ராமசாமி ஒரு பெண் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். ராமசாமியின் மனைவி பாக்கியம், அதனால்தான் சீதாப்பாட்டியை ஜெயிக்க வைத்துக்கொண்டே இருக்கிறார் என்று ஒரு கொள்கைகூட வைத்திருந்தேன். இன்னும் கூர்ந்து பார்த்தால் வேறொன்று தெரியும். ஜ.ரா. என்பதில் ஊரும் அப்பாவும் இருக்கிறார்கள். ஜ என்றால் ஜலகண்டாபுரம். பாக்கியம் ராமசாமியில் அம்மாவும் அப்பாவும் இருக்கிறார்கள். ஊரையே சிரிக்க வைத்த பெயரில் சுந்தரேசன் என்ற ஆள் மட்டும் இல்லை.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஜலகண்டாபுரத்துக்குப் போனேன். பெரிய ஆராய்ச்சியெல்லாம் இல்லை, நண்பர் மேல் இருந்த கோபம்தான் பஸ் ஏற்றிவிட்டது. தாரமங்கலம் வழியாகப் போகிற பஸ். தாரமங்கலத்தில் இறங்கி கைலாசநாதர் கோயிலுக்குள் ஒரு சுற்று சுற்றினேன், அந்த ஊரைத் தாண்டுகிறவர்கள் அப்படிச் செய்யாமல் போகக் கூடாது. அங்கே ஒரு தூணில் வில்லோடு ராமர், இன்னொரு தூணில் வாலி. ராமர் நிற்கும் இடத்திலிருந்து பார்த்தால் வாலி தெரிவார். வாலியின் இடத்தில் நின்று பார்த்தால் ராமர் தெரியமாட்டார். சின்ன வயதிலிருந்து நாலு முறையாவது இரண்டு பக்கமும் நின்று பார்த்திருப்பேன். இந்த முறை பார்க்கும்போது, பெயருக்குப் பின்னால் போய் நின்றுகொண்ட சுந்தரேசன் ஞாபகம்தான் வந்தது. அவரிடமிருந்து பார்த்தால் நம் வீட்டுச் சமையல்கட்டு வரைக்கும் தெரிகிறது. நம்மிடமிருந்து பார்த்தால் அவர் தெரிவதில்லை.

ஜலகண்டாபுரத்தில் தறிச் சத்தம் முதலில் வரவேற்றது. டீக்கடையில் ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒருவரிடம், "அப்புசாமி எழுதினாரே, அவரோட வீடு இந்த ஊர்ல எங்கேன்னு தெரியுங்களா?" என்றேன். அவர் யோசித்துவிட்டு, "எந்த அப்புசாமிங்க? விசைத்தறி வச்சிருக்காரே, அவரா?" என்றார். நான் விளக்குவதற்குள் பெஞ்சில் இருந்த இன்னொருவர், "அவரு எழுதறதில்லைங்களே, கணக்கெல்லாம் பையன்தான் எழுதறான்" என்றார். மூன்றாமவர் எனக்கு வழி சொல்லவே ஆரம்பித்துவிட்டார். நேராப் போயி, வேப்பமரத்துகிட்ட சோத்தாங்கைப் பக்கம் திரும்பி. நானும் போனேன்! எதற்குப் போனேன் என்று கேட்காதீர்கள், அவர்கள் அவ்வளவு அக்கறையாகச் சொன்னார்கள். விசைத்தறி அப்புசாமி வீட்டில் இல்லை. அவர் மனைவி வெளியே வந்து, "எவ்வளவு பாக்கிங்க?" என்றார்.

பஸ்ஸில் திரும்பி வரும்போது சிரிப்பை அடக்க முடியவில்லை. அது முழுக்க அப்புசாமி கதை. ஒருத்தர் யாரையோ தேடிப் போய் வேறு யாருடைய கடனிலோ மாட்டுகிறார், கதவைத் திறந்து கணக்குக் கேட்பது மனைவி.

சிரிப்புக்கு ஒரு வேலை

நண்பரின் கட்சியை நியாயமாகச் சொல்லிவிட வேண்டும். அன்று அவர் கேலியோடு நிறுத்தவில்லை. "சிரிப்புக்கு ஒரு வேலை இருக்கணும்" என்றார். கல்கியை உதாரணம் காட்டினார். பொருத்தமான உதாரணம்தான். திருச்செங்கோடு அப்போது சேலம் மாவட்டம். அதன் பக்கத்தில் இருந்த காந்தி ஆசிரமத்தில்தான் ராஜாஜி 1929-இல் 'விமோசனம்' என்று மதுவிலக்குக்காகவே ஒரு பத்திரிகை தொடங்கினார். கூட இருந்து அதைக் கவனித்தவர் கல்கி. குடிகாரன் கையில் இருக்கும் கள்ளுக் கலயத்தைச் சிரிப்பால் தட்டிவிட முடியும் என்று நம்பியவர்கள். எட்டு வருஷம் கழித்து, 1937 அக்டோபரில், ராஜாஜி முதல் அமைச்சராக இருந்தபோது மாகாணத்திலேயே முதலில் மதுவிலக்கு வந்தது சேலம் மாவட்டத்தில். "அது எழுத்து. அப்புசாமி என்னத்தைத் தட்டிவிட்டார்?" என்றார் நண்பர்.

ஒன்றையும் தட்டிவிடவில்லை. சொல்லப்போனால் அப்புசாமியிடம் எனக்கே சில புகார்கள் உண்டு. பதினோரு கட்டையும் ஒரே மூச்சில் படித்தால் திகட்டும். வாராவாரம் ஒரு வாய் என்று எழுதியதை அண்டா அண்டாவாகக் குடித்தால் வேறென்ன ஆகும். சில அத்தியாயங்கள் பக்கத்தை நிரப்ப எழுதியவை என்று பார்த்தாலே தெரிகிறது. உருவத்தையும் நிறத்தையும் வைத்துச் செய்த கேலி அந்தக் காலத்து வாரப் பத்திரிகை நகைச்சுவை முழுக்கவே உண்டு, இன்று படிக்கும்போது கூசுகிறது. ஒரு காலத்தில் நானும் இந்தக் கட்டுகளைப் பழைய பேப்பர்காரருக்குப் போடலாம் என்று வாசல் வரைக்கும் கொண்டுபோனவன்தான். சிறுபத்திரிகை படிக்கத் தொடங்கிய புதுசு. வீட்டில் அப்புசாமி இருப்பது தெரிந்தால் மானம் போய்விடும் என்று நினைத்த வயது. அன்று கட்டுகளைக் காப்பாற்றியது என் ஆயா, தாத்தாவின் மனைவி. "அத எடுத்துட்டுப் போனீன்னா நீயும் அப்பிடியே போயிரு சாமி" என்றாள். ஆயாவுக்கு ஒரெழுத்து படிக்கத் தெரியாது.

ராட்டை நிற்கும் இடம்

தாத்தா படிப்பார், ஆயா கேட்பாள். எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து இதுதான் ஏற்பாடு. ராத்திரி சாப்பிட்ட பிறகு தாத்தா, நெய்யும்போது கால் வைக்கிற தறிக்குழிக்குள் காலைத் தொங்கப்போட்டுக்கொண்டு மேடையில் உட்காருவார். தறிக்கு மேலே தொங்கும் பல்பைக் கயிற்றால் இழுத்துப் பக்கத்துக்கு நேராகக் கட்டிக்கொள்வார். ஆயா எதிரே ராட்டையில் மறுநாள் நெசவுக்கு நூலைத் தாராகச் சுற்றிக்கொண்டிருப்பாள். நான் அவள் மடியிலோ நூல் மூட்டை மேலோ. தாத்தாவுக்குச் சரளமாகப் படிக்க வராது. எழுத்துக் கூட்டிப் படிப்பவர் மாதிரி இழுப்பார், திடீரென்று வேகம் எடுப்பார். கதையில் முக்கியமான இடம் வரும்போது ராட்டை நிற்கும். சிரிப்பு வரும். மறுபடி ராட்டை சுற்றும். புதுக் குமுதம் தெருவில் யார் வீட்டிலாவது மாட்டிக்கொண்டால் பழைய கட்டு ஒன்றை எடுத்து முதலிலிருந்து படிப்பார். ஆயா அதற்கும் அதே இடத்தில் ராட்டையை நிறுத்துவாள்.

தாத்தா 1998-இல் போய்ச் சேர்ந்தார். தறியை ஏற்கெனவே விற்றாகிவிட்டது, குழியை மூடி சிமெண்ட் பூசியாயிற்று. இரண்டு மூன்று வருஷம் கழித்து ஒரு மழை ராத்திரி, கரண்ட் இல்லை, டிவி இல்லை. ஆயா சும்மா உட்கார்ந்திருந்தாள். என்ன தோன்றியதோ, கட்டு ஒன்றை எடுத்து மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் படிக்க ஆரம்பித்தேன். எனக்குத் தமிழ் நன்றாகப் படிக்க வரும், பேச்சுப் போட்டியில் கோப்பையெல்லாம் வாங்கியவன். குரல் மாற்றிப் படித்தேன். சீதாப்பாட்டியின் ஆங்கிலத்தை ஆங்கிலமாகவே உச்சரித்தேன், தாத்தா அதைக் கொன்று குழியில் போடுவார். ஆயா சிரிக்கவில்லை. இரண்டு அத்தியாயம் ஆயிற்று. கொட்டாவிகூட விட்டாள்.

"என்னாயா, நல்லால்லையா?"

"நல்லாத்தான் படிக்கிற. ஆனா பொஸ்தகத்தப் பார்த்துப் படிக்கிற."

"பின்ன?"

"உங்க தாத்தா கெழவின்னு வர்ற எடத்துலயெல்லாம் என்னையப் பார்த்துத்தான் படிப்பாரு."

நான் சும்மா இருந்தேன். கொஞ்ச நேரம் கழித்து ஆயாவே, "அந்தத் தறிக்குழி கதையப் படி சாமி" என்றாள். எந்தத் தறிக்குழி கதை? "அதான், அப்புசாமி சீதாப்பாட்டியோட காதுத் தோட்ட அடகு வச்சுப்போட்டு, அவ வர்றான்னு பயந்துக்கிட்டுத் தறிக்குழிக்குள்ள எறங்கி ஒளிஞ்சுக்குவாரே, அது." மெழுகுவர்த்தியோடு தேடினேன், கிடைக்கவில்லை. மறுநாள் பகலில் பதினோரு கட்டையும் பிரித்து உட்கார்ந்தேன். அதற்கும் மறுநாளும் தேடினேன். அப்புசாமி விழாத இடமில்லை, ஒளியாத மூலை இல்லை. ஆனால் தறிக்குழி இல்லை. எப்படி இருக்கும்? மெட்ராஸ்காரர் வீட்டில் தறிக்கு எங்கே போவது?

"அப்படி ஒரு கதையே இல்லை ஆயா" என்றேன். அப்போதுதான் சிரித்தாள். ராட்டை இருந்திருந்தால் நின்றிருக்கும்.

விஷயம் இதுதான். அப்போது என் அப்பா சின்னப் பையன். தாத்தாவுக்குப் பரிசுச் சீட்டுப் பைத்தியம். விழுந்தால் வீட்டுக்கு, விழாவிட்டால் நாட்டுக்கு என்று அரசாங்கம் சொன்னது. தாத்தாவுடையதெல்லாம் நாட்டுக்கே போயிற்று. ஒரு நாள் ஆயாவின் தோட்டை, திருகாணி தேய்ந்திருக்கிறது, ஆசாரியிடம் கொடுக்கிறேன் என்று வாங்கிப் போனவர் திருப்பிக் கொண்டுவரவில்லை. ஆயாவும் கேட்கவில்லை. கேட்டால் சண்டை, சண்டை வந்தால் இரண்டு நாள் தறி நிற்கும், தறி நின்றால் கூலி போகும். அந்த வாரம் குமுதம் கைக்கு வந்ததும் தாத்தா வழக்கம்போலப் படிக்க உட்கார்ந்தார். கொஞ்ச தூரம் போனதும் அப்புசாமி சீதாப்பாட்டியின் தோட்டை அடகு வைத்துப் பரிசுச் சீட்டு வாங்கினார், சீட்டு விழவில்லை, பயந்துபோய்த் தறிக்குழிக்குள் இறங்கினார்.

"நீ அதை நிஜமாவே கதைன்னா நினைச்ச?" என்றேன்.

"எனக்குப் படிக்கத்தான் தெரியாது, கண்ணு தெரியாதா? அம்புட்டு நேரம் படிச்சாரு, பக்கத்தத் திருப்பவே இல்லையே சாமி."

இதைத்தான் நான் அன்று தட்டுவடைக் கடையில் சொல்லியிருக்க வேண்டும். ஒரு மனுஷனால் தன் வாயால் சொல்ல முடியாததைச் சொல்லிக்கொள்ள இன்னொரு கிழவர் குமுதத்தில் தயாராக இருந்தார். எந்த வீட்டுத் தறிக்குழியிலும் இறக்கிவிடக்கூடிய கிழவர். அவ்வளவு நெகிழ்வாக ஒரு ஆளை உண்டாக்குவது லேசுப்பட்ட வேலை இல்லை. தாத்தாவும் எத்தனையோ சரித்திரத் தொடர் படித்துக் காட்டியிருக்கிறார், அவற்றில் வரும் எந்த ராஜாவையும் அவரால் அடகுக் கடைக்கு அனுப்ப முடிந்திருக்காது.

"அப்புறம் என்னாச்சு?" என்று ஆயாவைக் கேட்டேன்.

"ராட்டைய நிறுத்திப்போட்டு, சீதாப்பாட்டி என்ன சொன்னான்னு கேட்டேன். அது இன்னும் எழுதல, அடுத்த வாரம் வரும்னாரு. அடுத்த வாரம் வர்றதுக்குள்ள போயி மீட்டுக்கிட்டு வந்து வைக்கச் சொல்லுங்க அந்தக் கெழவனன்னேன்."

"வெச்சாரா?"

"நாலு வாரம் ஆச்சு. ஒரு நா காலையில ராட்டைக்குப் பக்கத்துல ஒரு தீப்பெட்டி இருந்துச்சு, தொறந்து பார்த்தா தோடு. அன்னிக்கு ராத்திரி குமுதம் வந்திருந்துச்சு, ஆனா அவரு படிக்கல. கண்ணு எரியுதுன்னு படுத்துட்டாரு."